நூலகத்தின் நிலவறையில் கிடைத்த குறுந்தொகை: ஏ.கே. ராமானுஜனின் வாழ்க்கை

ராமானுஜன் என்ற பெயரைக் கேட்டதும் நம் மாணவர்களில் பலருக்குக் கணித மேதை சீனிவாச ராமானுஜன்தான் நினைவுக்கு வருவார். அதே பெயரில் புகழ்பெற்ற இன்னொருவரும் இருந்தார். அவருக்குக் கணக்கு அவ்வளவாக வரவில்லை. ஆனால், ஏறக்குறைய 2,000 ஆண்டுப் பழமையுள்ள சங்கப் பாடல்களை ஆங்கிலத்தில் தந்து, உலகின் பல மூலைகளில் அவற்றை வாசிக்க வைத்தவர் அவர். கவிஞர், மொழியியல் அறிஞர், மொழிபெயர்ப்பாளர், நாட்டுப்புறக் கதைகளைத் திரட்டியவர், அமெரிக்காவின் சிகாகோ பல்கலைக்கழகப் பேராசிரியர் எனப் பல முகங்கள் அவருக்கு உண்டு. முழுப்பெயர் அத்திப்பட்டு கிருஷ்ணசாமி ராமானுஜன். ஏ.கே. ராமானுஜன் என்றால் இலக்கிய உலகில் எல்லாருக்கும் தெரியும்.

இவ்வளவு செய்தவர் சிறு வயதிலேயே தமிழ் இலக்கியத்தைக் கரைத்துக் குடித்திருப்பார் என்றுதான் நாம் நினைப்போம். உண்மை வேறு. சங்கத்தமிழ் அவர் கைக்கு வந்தபோது அவருக்கு வயது 33. அதுவும் தமிழகத்தில் அன்று, கடல் கடந்த ஒரு நூலகத்தில். எஸ்.பி.எம். தேர்வோடு தமிழை விட்டுவிடலாமா, இனிமேல் படித்து என்ன ஆகப்போகிறது என்று யோசிக்கும் மாணவர்கள் இவருடைய வாழ்க்கையை அறிந்துகொள்வது நல்லது.

மாடிக்கு ஒரு மொழி, சமையலறைக்கு ஒரு மொழி

ராமானுஜன் 1929ஆம் ஆண்டு மார்ச் 16ஆம் தேதி மைசூரில் பிறந்தார். தந்தை கிருஷ்ணசாமி மைசூர்ப் பல்கலைக்கழகத்தில் கணிதப் பேராசிரியர். வானியலும் சோதிடமும் ஒருசேர அறிந்தவர். இந்த இரண்டும் ஒரே மனிதருக்குள் எப்படிச் சண்டையில்லாமல் குடியிருக்கின்றன என்ற வியப்பு மகனுக்கு இளமையிலேயே உண்டானது. பிற்காலத்தில் இந்தியர்களின் சிந்தனை முறை பற்றி அவர் எழுதிய புகழ்பெற்ற கட்டுரைக்கு அந்த வியப்பே விதை. தாயார் வழக்கத்தின் கட்டுப்பாடுகளுக்குள் வாழ்ந்த குடும்பப் பெண். ஆயினும் தமிழிலும் கன்னடத்திலும் நிறைய வாசித்தவர்.

அந்த வீட்டில் மொழிகள் இடம் பிரித்துக்கொண்டு வாழ்ந்தன. கீழே சமையலறையில் அம்மாவோடு பேச்சு தமிழில். மாடியில் அப்பாவின் அறையில் ஆங்கிலம். வாசலைத் தாண்டித் தெருவில் இறங்கினால் கன்னடம். ஒரு நாளில் பலமுறை ஒரு மொழியிலிருந்து மறுமொழிக்கு மாறிக்கொண்டே அவர் வளர்ந்தார்.

இது நமக்குப் புதிதல்ல. ஸ்கூடாயிலோ குளுவாங்கிலோ வளரும் ஒரு தமிழ் மாணவர் வீட்டில் தமிழும், இடைநிலைப்பள்ளியில் மலாயும், கணினியின் முன் ஆங்கிலமும் பேசுகிறார். பக்கத்து வீட்டுச் சீன நண்பரிடம் நாலு வார்த்தை மாண்டரினும் பேசிவிடுகிறார். இத்தனை மொழிகளுக்கு நடுவே எதிலும் முழுமை இல்லையே என்று சிலர் வருந்துவதுண்டு. ராமானுஜன் தமக்குக் கிடைத்த மூன்று மொழிகளையும் மூலதனமாக்கிக்கொண்டார். ஆனால், அதற்குக் காலம் பிடித்தது.

அப்பா மாற்றிய பாடம்

மைசூர் மகாராஜா கல்லூரியில் சேர்ந்தபோது அவர் எடுத்தது அறிவியல். கணிதப் பேராசிரியரின் மகன் வேறு எதை எடுப்பார் என்றுதான் ஊர் நினைத்திருக்கும். ஆனால், தந்தையே மகனை உற்றுப் பார்த்தார். இவன் மனம் கணக்கின் பக்கம் இல்லை என்று தெரிந்துகொண்டார். மகனைக் கல்லூரி அலுவலகத்துக்கு அழைத்துச் சென்று அறிவியலிலிருந்து ஆங்கில இலக்கியத்துக்கு மாற்றினார். பிள்ளையின் விருப்பத்தை மாற்றி மருத்துவத்திலும் பொறியியலிலும் சேர்க்கும் பெற்றோரைப் பற்றி நாம் நிறையக் கேட்டிருக்கிறோம். இங்கே நடந்தது அதற்கு நேர்மாறு.

1949இல் இளங்கலைப் பட்டமும் 1950இல் முதுகலைப் பட்டமும் பெற்றார். பிறகு கேரளத்தின் கொல்லம், கர்நாடகத்தின் பெல்காம், குஜராத்தின் பரோடா என்று ஊர் ஊராகக் கல்லூரிகளில் ஆங்கிலம் கற்பித்தார். போன இடங்களில் பாடப்புத்தகத்தோடு அவர் நின்றுவிடவில்லை. பெல்காமில் இருந்தபோது, வீடுகளில் சொல்லப்படும் கதைகளைக் கேட்டு எழுதிவைக்கத் தொடங்கினார். அன்று அவற்றை இலக்கியம் என்று மதித்தவர்கள் குறைவு.

ஆங்கிலம் கற்பித்துக்கொண்டே தம்மைச் சுற்றி ஒலிக்கும் மொழிகள் எப்படி இயங்குகின்றன என்று அறியும் ஆசை அவருக்குள் வளர்ந்தது. 1958இல் புனேயின் டெக்கான் கல்லூரியில் மொழியியலில் பட்டயம் பெற்றார். அடுத்த ஆண்டு ஃபுல்பிரைட் உதவித்தொகை கிடைத்து அமெரிக்காவின் இந்தியானா பல்கலைக்கழகத்துக்குச் சென்றார். கன்னட மொழியின் இலக்கணத்தை ஆராய்ந்து 1963இல் அங்கே முனைவர் பட்டம் பெற்றார். அதற்கு முந்திய ஆண்டே சிகாகோ பல்கலைக்கழகத்தில் ஆசிரியராகச் சேர்ந்திருந்தார்.

1962, ஒரு சனிக்கிழமை

சிகாகோவில் சேர்ந்த புதிதில், 1962ஆம் ஆண்டில் ஒரு சனிக்கிழமை, அவர் ஹார்ப்பர் நூலகத்தின் நிலவறைக்குள் இறங்கினார். தேடிப் போனது பழந்தமிழுக்கு ஓர் எளிய இலக்கண நூல். வீட்டில் தமிழ் பேசினாரே தவிர, பழந்தமிழை அவர் கற்றதில்லை. அலமாரிகளுக்கிடையே தேடிக்கொண்டிருந்தபோது கையில் அகப்பட்டது 1937இல் வெளிவந்த குறுந்தொகைப் பதிப்பு. பதிப்பித்தவர் தமிழ்த்தாத்தா உ.வே. சாமிநாத ஐயர். பாடல்களுக்கு விளக்கமான உரையும் அதில் இருந்தது.

அங்கேயே நின்று புரட்டினார். உரையின் துணையோடு பாடல்கள் ஒவ்வொன்றாகத் திறந்துகொண்டன. தம் அம்மா பேசிய மொழியில் இப்படியொரு கவிதை இருந்ததா என்ற திகைப்பு அவருக்கு ஏற்பட்டது. அந்தத் திகைப்பு அடுத்த 30 ஆண்டு உழைப்பாக மாறியது.

இதில் இன்னொரு செய்தியும் ஒளிந்திருக்கிறது. அந்த நூலைப் பதிப்பித்த உ.வே.சா.வுக்கும் இதே அனுபவம் நேர்ந்திருந்தது. 1880இல் அவர் கும்பகோணம் கல்லூரியில் தமிழாசிரியர். மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் பல ஆண்டுகள் பாடம் கேட்டவர். அவரைச் சந்தித்த சேலம் இராமசாமி முதலியார், சீவக சிந்தாமணியைப் படித்ததுண்டா என்று விசாரித்தார். உ.வே.சா. படித்ததில்லை. ஏடுகளில் கிடந்த பழைய இலக்கியங்கள் அன்று தமிழ் கற்றவர்களுக்கே எட்டாமல் இருந்தன. அந்த ஒரு கேள்விக்குப் பிறகுதான் 25 வயது இளைஞர் ஏட்டுச்சுவடிகளைத் தேடி ஊர் ஊராக அலையத் தொடங்கினார். குறுந்தொகைப் பதிப்பு வெளிவந்தபோது அவருக்கு வயது 82.

கும்பகோணத்தில் ஒருவர் தமக்குத் தெரியாததைத் தேடத் தொடங்கினார். அவர் தேடித் தந்தது சிகாகோவில் இன்னொருவருக்குக் கிடைத்தது. தமிழ் இலக்கியம் நமக்குப் பிறப்பாலேயே சொந்தம் என்று மேடைகளில் சொல்கிறோம். இந்த இருவரும் அதை உழைத்துத்தான் சொந்தமாக்கிக்கொண்டார்கள்.

கண்ணாடிக்குள் தெரியும் வாக்கியம்

குறுந்தொகை எட்டுத்தொகை நூல்களில் ஒன்று. பெரும்பாலும் 4 முதல் 8 அடிகளே கொண்ட 400 காதல் பாடல்கள் அதில் இருக்கின்றன. இவற்றை ஆங்கிலத்தில் கொண்டுவருவது எவ்வளவு கடினம் என்பதை நம் மாணவர்கள் மலாய் மொழியை வைத்தே எளிதில் புரிந்துகொள்ளலாம்.

நேற்று சந்தையில் அப்பா வாங்கிய மீன் என்று தமிழில் சொல்கிறோம். இதையே மலாயில் ஈக்கான் யாங் டிபெலி ஆயா டி பாசார் செமாலாம் என்போம். சொற்களின் வரிசையைக் கவனியுங்கள். தமிழில் கடைசியில் வரும் மீன், மலாயில் முதலில் வந்து நிற்கிறது. தமிழில் முதலில் வரும் நேற்று, மலாயில் கடைசிக்குப் போய்விடுகிறது. ஆங்கிலத்திலும் இப்படித்தான். கண்ணாடியில் தெரியும் உருவம்போல் வாக்கியம் இடம்வலமாகத் திரும்பிவிடுகிறது.

சாதாரணப் பேச்சில் இதனால் நட்டமில்லை. கவிதையில் பெரிய நட்டம் உண்டு. சங்கப் பாடல்கள் பலவற்றில் மலை, சுனை, பூ, வண்டு என்று காட்சி மெல்ல விரிந்துகொண்டே வந்து, முக்கியமான சொல் இறுதியில்தான் விழும். அதுவரை கேட்பவர் காத்திருக்கவேண்டும். ஆங்கில இலக்கணப்படி நேராக மொழிபெயர்த்தால் அந்த ரகசியம் முதல் வரியிலேயே உடைந்துவிடும். ராமானுஜன் மொழியியல் படித்தவர் அல்லவா? சிக்கல் எங்கே இருக்கிறது என்பதைத் துல்லியமாகக் கண்டார். வரிகளை உடைத்தார். சில வரிகளை உள்ளே தள்ளி அச்சிட்டார். காட்சிகள் எந்த வரிசையில் மனத்தில் எழவேண்டுமோ அந்த வரிசையிலேயே எழும்படி ஆங்கிலச் சொற்களைப் பக்கத்தில் அடுக்கினார். ஒரு பாடலைப் பலமுறை திருத்தி எழுதுவது அவருக்கு வழக்கம்.

1967இல் அந்த உழைப்பின் முதல் பயன் வெளிவந்தது. குறுந்தொகையிலிருந்து 76 பாடல்களின் மொழிபெயர்ப்பு, தி இன்டீரியர் லேண்ட்ஸ்கேப் என்ற பெயரில் நூலாயிற்று. மனத்துக்குள் இருக்கும் நிலக்காட்சி என்பது அந்தப் பெயரின் பொருள். குறிஞ்சி, முல்லை, மருதம், நெய்தல், பாலை என்று தேர்வுக்காக மனப்பாடம் செய்கிறோமே, அந்த ஐந்திணையை அவர் வெளிநாட்டு வாசகர்களுக்கு எளிமையாக விளக்கினார். சங்கக் கவிஞருக்கு நிலம் வெறும் பின்னணி அன்று. அதுவே உணர்ச்சியின் மொழி. குறிஞ்சி மலைச்சாரலைக் காட்டினால் காதலர் கூடல் தெரியும். நெய்தல் கடற்கரையைக் காட்டினால் பிரிந்தவரின் ஏக்கம் தெரியும். சொல்லாமல் சொல்லும் இந்தக் கலையை உலகக் கவிதையின் உச்சங்களுள் ஒன்றாக அவர் எடுத்துக்காட்டினார்.

அப்போது தமிழாய்வு உலக அரங்கில் கால்பதித்துக்கொண்டிருந்தது. மலாயாப் பல்கலைக்கழகத்தில் பணியாற்றிய தனிநாயகம் அடிகளின் முயற்சியால் முதல் உலகத் தமிழாராய்ச்சி மாநாடு 1966 ஏப்ரலில் கோலாலம்பூரில் நடந்தது. அடுத்த ஆண்டிலேயே ராமானுஜனின் நூல் வந்தது. அறிஞர்கள் ஆய்வரங்குகளில் பேசிய சங்க இலக்கியம், தமிழ் அறியாத சாதாரணக் கவிதை வாசகரின் கைக்கும் போய்ச் சேர்ந்தது. செம்மண்ணில் பெய்த மழை அந்த மண்ணோடு ஒன்றாகிவிடுவதுபோல் இரண்டு நெஞ்சங்கள் கலந்ததைப் பாடிய செம்புலப்பெயனீரார், இன்று உலகம் அறிந்த காதல் கவிஞர். எழுத்தாளர் விக்ரம் சந்திரா 1995இல் வெளியிட்ட தம் நாவலுக்கு அந்த மொழிபெயர்ப்பிலிருந்தே பெயர் எடுத்தார்.

எட்டுத்தொகையின் அகப்பாடல்களோடு புறப்பாடல்களையும் பத்துப்பாட்டின் பகுதிகளையும் சேர்த்து, 1985இல் இன்னும் விரிவான ஒரு தொகுப்பை வெளியிட்டார். அதற்கிடையே 1981இல் நம்மாழ்வார் பாசுரங்களை மொழிபெயர்த்தார்.

விமர்சனங்களும் எழாமல் இல்லை. பழைய பாடல்கள் அவர் கையில் இக்காலப் புதுக்கவிதைபோல் ஒலிக்கின்றன என்று சிலர் குறை கூறினர். எதுகையும் மோனையும் ஆங்கிலத்தில் வந்து சேரவில்லை என்பதும் உண்மை. மூலத்துக்கு மாற்றாக எந்த மொழிபெயர்ப்பும் ஆகிவிடாது. இவருடைய மொழிபெயர்ப்பைப் படித்துவிட்டு மூலத்தைத் தேடிப் போனவர்கள் உண்டு என்பதே அதற்குக் கிடைத்த வெற்றி.

கன்னடத்தையும் விடவில்லை

சங்கத்தமிழில் மூழ்கியதால் அவர் கன்னடத்தைக் கைவிட்டுவிடவில்லை. பசவண்ணர், அக்கமகாதேவி, அல்லம பிரபு முதலிய வீரசைவ அடியார்களின் வசனங்களை மொழிபெயர்த்து 1973இல் வெளியிட்டார். யு.ஆர். அனந்தமூர்த்தியின் புகழ்பெற்ற கன்னட நாவலான சம்ஸ்காரா 1976இல் இவருடைய ஆங்கிலத்தில் வந்தது. கன்னடத்தில் சொந்தமாகக் கவிதைகளும் ஒரு குறுநாவலும் எழுதினார்.

ஆங்கிலத்தில் அவர் எழுதிய கவிதைகளின் முதல் தொகுப்பு தி ஸ்டிரைடர்ஸ் 1966இல் வெளிவந்தது. 1971இலும் 1986இலும் அடுத்த தொகுப்புகள் வந்தன. பெற்றோர், பாட்டி, உறவினர், மைசூர் வீடு, விட்டுவந்த ஊர் ஆகியவையே அவருடைய கவிதைகளில் திரும்பத் திரும்ப வருகின்றன. அமெரிக்காவில் 30 ஆண்டுகளுக்கும் மேலாக வாழ்ந்தவரின் மனம் எங்கே நடமாடிக்கொண்டிருந்தது என்பதை அவை காட்டுகின்றன.

முதல் தொகுப்பில் வைகை ஆற்றைப் பற்றி ஒரு கவிதை உண்டு. மதுரையில் வெள்ளம் வரும்போதெல்லாம் கவிஞர்கள் வெள்ளத்தின் அழகைப் பாடுகிறார்கள். ஆனால், அந்த வெள்ளம் அடித்துக்கொண்டு போன கர்ப்பிணிப் பெண்ணைப் பற்றி யாரும் பாடவில்லை. பழைய கவிஞரும் பாடவில்லை, அவரைப் பார்த்து எழுதும் புதிய கவிஞரும் பாடவில்லை. ராமானுஜன் குரலை உயர்த்தாமல் இதைச் சொல்லிவிட்டு நகர்ந்துவிடுகிறார். 2006 இறுதியிலும் 2007 தொடக்கத்திலும் கோத்தா திங்கியும் சிகாமட்டும் மூழ்கிய வெள்ளத்தைக் கண்ட ஜொகூர் மக்களுக்கு இந்தக் கவிதையின் வலி சொல்லாமலே விளங்கும். மரபை உயிராக நேசித்த ஒருவர், அந்த மரபு எதைப் பார்க்கத் தவறியது என்றும் கேட்டார். கண்ணை மூடிக்கொண்டு புகழ்வது அவருக்குப் பழக்கமில்லை.

பாட்டி சொன்ன கதையும் இலக்கியமே

பெல்காமில் தொடங்கிய கதை திரட்டும் பழக்கம் கடைசிவரை தொடர்ந்தது. 1991இல் இந்தியாவின் 22 மொழிகளிலிருந்து எடுத்த கதைகளைத் தொகுத்து ஆங்கிலத்தில் வெளியிட்டார். அதில் ஒரு தமிழ்க்கதை. மகன்களும் மருமகள்களும் படுத்தும் பாட்டை யாரிடமும் சொல்ல வழியில்லாத ஒரு கிழவி, மனக்குறைகளை அடக்கி அடக்கியே உடல் பருத்துப்போகிறாள். ஒருநாள் பாழடைந்த வீடொன்றில் நுழைந்து, நான்கு சுவர்களிடமும் ஒவ்வொரு குறையாகச் சொல்கிறாள். குறையின் பாரம் தாங்காமல் ஒவ்வொரு சுவரும் இடிந்து விழுகிறது. கிழவியின் உடலும் மனமும் இலேசாகிவிடுகின்றன. கதைகள் ஏன் சொல்லப்படவேண்டும் என்ற கேள்விக்கு இதைவிட நல்ல பதில் கிடைப்பது கடினம்.

எழுதப்படாத இக்கதைகளுக்கும் ஏட்டில் எழுதிய காவியங்களுக்கும் அவர் சம மதிப்புத் தந்தார். இராமாயணம் ஆசியா முழுவதும் எத்தனை மொழிகளில் எத்தனை விதமாகச் சொல்லப்படுகிறது என்பதை ஆராய்ந்து ஒரு கட்டுரை எழுதினார். மலாய் மரபும் அவருடைய பட்டியலில் இடம்பெற்றிருந்தது. அவர் மறைந்து பல ஆண்டுகளுக்குப் பின், எதிர்ப்புக் கிளம்பியதால் 2011இல் டெல்லிப் பல்கலைக்கழகம் அக்கட்டுரையைப் பாடத்திட்டத்திலிருந்து நீக்கியது. அதை எதிர்த்துப் பல ஆசிரியர்களும் மாணவர்களும் குரல் கொடுத்தார்கள்.

மறைவும் மதிப்பும்

1976இல் இந்திய அரசு அவருக்குப் பத்மஸ்ரீ விருது வழங்கியது. 1983இல் அமெரிக்காவின் மெக்ஆர்தர் நல்கை கிடைத்தது. 1993ஆம் ஆண்டு ஜூலை 13ஆம் தேதி, சிகாகோவில் அறுவை சிகிச்சைக்காகக் கொடுக்கப்பட்ட மயக்க மருந்து ஒத்துக்கொள்ளாமல் அவர் காலமானார். வயது 64. இன்னும் முடிக்காத வேலைகள் மேசையில் இருந்தன. 1995இல் அவருடைய கவிதைகள் ஒரே தொகுப்பாக வெளிவந்தன. அதற்கு 1999இல் சாகித்திய அகாடமி விருது வழங்கப்பட்டது. தெற்காசிய மொழிகளிலிருந்து செய்யப்படும் சிறந்த மொழிபெயர்ப்புக்கு அமெரிக்காவில் இன்று அவர் பெயரில் ஒரு பரிசு அளிக்கப்படுகிறது.

மாணவர்களே, ராமானுஜனிடம் இருந்த வசதிகளுள் முக்கியமான ஒன்று உங்களிடமும் இருக்கிறது. ஒன்றுக்கு மேற்பட்ட மொழிகளில் நீங்கள் நாள்தோறும் வாழ்கிறீர்கள். அவர் தேடிக் கண்டெடுத்த குறுந்தொகைக்காக நீங்கள் நிலவறைக்குள் இறங்கவேண்டியதும் இல்லை. மூலமும் உரையும் தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் தளத்தில் இலவசமாகக் கிடைக்கின்றன. ஒரு பாடலை எடுத்துக்கொள்ளுங்கள். உரையோடு இரண்டு மூன்று முறை படியுங்கள். பிறகு, மலாய் மட்டுமே தெரிந்த ஒரு நண்பருக்கு அதை மலாயில் எழுதிக்காட்ட முயலுங்கள். ஐந்து அடிகளுக்கு ஒரு மாலைப்பொழுது முழுவதும் போய்விடும். எந்தச் சொல்லை முதலில் வைப்பது, எதைக் கடைசிவரை மறைப்பது என்று தடுமாறுவீர்கள். அந்தத் தடுமாற்றத்தில்தான் அந்தப் பாடல் உங்களுடையதாகத் தொடங்கும்.